இங்கிலாந்தில் பழைய வீட்டுச் சுவருக்குள் ஒற்றை ஷூ கிடைத்தால் என்ன செய்வது?

குப்பையில் மட்டும் போட்டுவிடாதீர்கள். கெட்டது அண்டாமலிருக்க அந்தக் காலத்து ஆட்கள் வேண்டுமென்றே ஒளித்து வைத்த ஷூவாக இருக்கலாம். நீங்கள் பழைய வீடு வாங்கிப் புதுப்பிக்கிறீர்கள், வேலைக்கு வந்தவர் "தூக்கிப் போட்டுடலாமா?" என்று கேட்டிருக்கிறார், அப்படித்தானே?

நார்தாம்ப்டன் பக்கம் நாங்கள் வாடகைக்கு இருந்த வீட்டில், அடைத்து வைத்திருந்த கணப்படுப்பை உடைத்தபோது கரியோடு சேர்ந்து ஒரு ஷூ விழுந்தது. சின்னப் பிள்ளையுடையது, என் உள்ளங்கை நீளம்தான் இருக்கும். தோல் கட்டை மாதிரி இறுகிப்போயிருந்தாலும் கட்டைவிரல் இருந்த இடம் இன்னும் புடைத்து நின்றது. குதிகாலில் உட்பக்கம் மட்டும் தேய்ந்திருந்தது, காலைச் சாய்த்து நடக்கிற பிள்ளை போல. வீட்டுக்காரர் எட்டிப் பார்த்துவிட்டு "குப்பை" என்றார். எனக்கு வந்த ஆத்திரம் இன்னும் அடங்கவில்லை.  

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நார்தாம்ப்டன் அருங்காட்சியகத்தில் ஜூன் ஸ்வான் என்பவர் 1950களில் இப்படிக் கிடைத்த ஷூக்களுக்கு ஒரு பதிவேடு தொடங்கினார். 2012 வாக்கில் அதில் சுமார் 1,900 பதிவுகள். பெரும்பாலும் ஒற்றை, நன்றாகப் போட்டுத் தேய்ந்தவை, பாதிக்குப் பாதி குழந்தைகளுடையவை. அதிகம் கிடைப்பது புகைபோக்கியை ஒட்டி. கதவைத் தாழ் போட்டாலும் புகைபோக்கி திறந்தேதான் இருக்கும், கெட்டது அந்த வழியாக இறங்கும் என்று பயந்திருக்கலாம். 'இருக்கலாம்' என்றுதான் சொல்ல முடியும், ஏனென்றால் ஒளித்து வைத்தவர்கள் யாரும் காரணத்தை எழுதி வைக்கவில்லை. பக்கிங்காம்ஷயரில் ஜான் ஷார்ன் என்ற பாதிரியார் சாத்தானை ஒரு பூட்ஸுக்குள் அடைத்ததாக ஒரு பழங்கதை உண்டு, வழக்கம் அதிலிருந்து வந்திருக்கலாம் என்பார்கள்.

சூனியத்துக்கு எதிராகப் புதைத்த ஜாடிகள் கதை வேறு. 2004இல் கிரீனிச்சில் மூடி திறக்காமலே கிடைத்த 17ஆம் நூற்றாண்டு ஜாடிக்குள் சிறுநீர், வளைந்த ஆணிகள், குண்டூசிகள், தலைமுடி, நகத்துண்டுகள், ஆணி குத்திய இதய வடிவத் தோல் எல்லாம் இருந்தன. இதைச் செய்யும் முறையை அந்தக் காலத்து ஆட்களே எழுதியும் வைத்திருக்கிறார்கள். ஷூவுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. கிடைத்த இடம் ஒன்றுதான் சாட்சி, அதனால்தான் இவ்வளவு அடித்துச் சொல்கிறேன்.

நான் தொல்லியல் படித்தவன் இல்லை. "வெள்ளைக்காரனுக்கும் மூடநம்பிக்கையா" என்று கமெண்ட் போட வருபவர்களே, நான் யாரையும் பேயை நம்பச் சொல்லவில்லை. பிள்ளைக்கு ஏதும் ஆகிவிடக் கூடாதே என்று ஒருவர் பயந்து வைத்ததாக இருக்கலாம், அதை மதிக்கச் சொல்கிறேன், அவ்வளவுதான்.

எடுப்பதற்கு முன் படம் எடுங்கள். எந்தச் சுவர், தரையிலிருந்து எவ்வளவு உயரம், கூட என்ன கிடந்தது என்று குறித்து அருங்காட்சியகத்துக்கு அனுப்புங்கள். ஈரத்துணியால் துடைக்காதீர்கள். முடிந்தால் இருந்த இடத்திலேயே திரும்ப வைத்துவிடலாம், பலர் அப்படித்தான் செய்கிறார்கள். அப்புறம், கணப்புக்கு மேலே உள்ள மரவிட்டத்தை இழைக்கச் சொல்வதற்கு முன்னால் டார்ச்சைப் பக்கவாட்டில் பிடித்துப் பாருங்கள், கெட்டது அண்டாமலிருக்க மரத்தில் கீறி வைத்த குறிகள் தெரியலாம். ஜேம்ஸ் மன்னர் வருவார் என்று 1606 வாக்கில் கென்ட்டின் நோல் மாளிகையில் தயாரித்த அறையிலும், தரைப்பலகைக்கு அடியில், கணப்பை ஒட்டிய விட்டத்தில் இப்படிக் காப்புக் கீறல்கள் இருந்தன.