20% கட்டியே ஆகணுமா?

வணக்கம் சார். வருமான வரி மேல்முறையீடு நிலுவையில் இருக்கும்போதே, கேட்கப்பட்ட வரியில் 20% கட்டினால்தான் வசூலை நிறுத்துவேன் என்று அதிகாரி ஒற்றை வரியில் உங்கள் மனுவைத் தள்ளிவிட்டார் என்கிறீர்கள். பதற்றமாகத்தான் இருக்கும். ஆனால் அந்த 20% சட்டப்பிரிவில் இல்லை. மத்திய நேரடி வரிகள் வாரியம் 2016-ல் 15% என்று வைத்து, 2017-ல் உயர்த்திய அறிவுறுத்தல்தான். அதைவிடக் குறைவாகக் கட்டச் சொல்லியும் வசூலை நிறுத்தி வைக்கலாம் என்று எல்ஜி எலக்ட்ரானிக்ஸ் வழக்கில் 2018-ல் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது.

முதலில் முதன்மை ஆணையரிடம் மறுபரிசீலனை மனு கொடுங்கள். "கையில் பணமில்லை" என்று மட்டும் எழுதினால் எடுபடாது. வங்கிக் கணக்கு விவரம், கடன் தவணை ரசீதுகள், எல்லாவற்றுக்கும் மேலாக வரி விதிப்பில் எங்கே தவறு என்பது, இவ்வளவும் அதில் இருக்கட்டும். அங்கேயும் காரணம் சொல்லாமல் நிராகரித்தால் உயர் நீதிமன்றத்தில் ரிட் (அதிகாரியின் உத்தரவை நேரடியாக எதிர்க்கும் மனு) போடலாம். காரணமில்லாத உத்தரவுகளை ரத்து செய்து, புதிதாகப் பரிசீலிக்கச் சொல்லிப் பலமுறை திருப்பி அனுப்பியிருக்கிறார்கள். கணக்கை முடக்கும்வரை மட்டும் காத்திருக்காதீங்க சார்.