பதில்: புதுக்குடியிருப்பு மில்லுக்கு ஈபிஎஃப் நிலுவைக் கடிதம்

அண்ணை, 2021ல நிண்டுபோன ரெண்டு பொடியளுக்கும் 2023 வரைக்கும் கணக்குப் போட்டு ஈபிஎஃப், அதுதான் ஊழியர் சேமலாப நிதி, நிலுவை கேட்டு கடிதம் வந்திருக்கு, கோட்டில போய்ச் சொல்லலாமோ எண்டு கேட்டிருக்கிறீங்கள். தயவுசெய்து கோட்டு வரைக்கும் விடாதேங்கோ.

ஏனெண்டா 1958ம் ஆண்டு 15ம் இலக்க ஈபிஎஃப் சட்டத்தில 38ம் பிரிவுப்படி தொழில் ஆணையாளர் சான்றிதழ் ஒண்டு நீதவானுக்கு அனுப்பினா, காரணம் காட்டச் சொல்லி உங்களைக் கூப்பிடுவினம்தான், ஆனா அதில இருக்கிற தொகை சரியோ பிழையோ எண்டு நீதவான் பாக்கேலாது, 40ம் பிரிவு அதை மறிக்குது, பிறகு அந்தக் காசு தண்டப்பணம் மாதிரி அறவிடப்படும். அதுக்குப் பிறகு கொழும்பில மேன்முறையீட்டு நீதிமன்றத்தில ரிட், அதாவது அந்த முடிவை ரத்துச் செய்யச் சொல்லி மனு, போடவேணும், எங்கட ஆக்களுக்கு அந்தச் செலவு லேசில்லை.

அதால இப்பவே தொழில் அலுவலகத்துக்கு எழுத்தில குடுங்கோ. எந்த ஆளுக்கு எந்த மாசத்துக்கு எவ்வளவு எண்டு விபரம் கேளுங்கோ, விசாரணைக்குத் திகதி கேளுங்கோ, சம்பளப் புத்தகம், அவை விலகின கடிதம் எல்லாத்தின்ர கொப்பியும் வைச்சு பதிவுத் தபாலில அனுப்புங்கோ. நான் வாயால சொல்லிப்போட்டு வந்து நல்லாப் பட்டனான், ஃபைல்ல ஒரு வரியும் இருக்கேல்ல.

அவை வேலை செய்த மாசங்களுக்கு உள்ள ஈபிஎஃப் காசை, சம்பளத்தில 20 வீதத்தை, மட்டும் உடன கட்டுங்கோ அண்ணை. அது அந்தப் பொடியளின்ர காசு. கட்டாம 12 மாசம் தாண்டினா அந்த நிலுவையில மேலதிகமா 50 வீதம் ஏறும்.