கேள்விகள் உங்களுடையவை: லொரெட்டா லின்னும் ‘வான் லியர் ரோஸ்’ ஆல்பமும்

சென்ற இதழில் ஒரு வாசகர், “எழுபது தாண்டிய பாடகர்கள் புது ஆல்பம் வெளியிடுவது வீண் ஆசைதானே?” என்று கேட்டிருந்தார். “லொரெட்டா லின்னின் ‘வான் லியர் ரோஸ்’ ஆல்பத்தைக் கேட்டுவிட்டு இதே கேள்வியை எனக்கு எழுதுங்கள்” என்று ஒரே வரியில் பதில் சொல்லியிருந்தேன். அந்த வரிக்கு விளக்கம் கேட்டுக் கடிதங்கள் வந்தபடி இருக்கின்றன. ஆகவே இந்த முறை பக்கம் முழுவதும் அவருக்கே.

யார் இந்த லொரெட்டா லின்? வான் லியர் என்பது ரோஜாவில் ஒரு வகையா?
– வாசகி, நெய்வேலி

வகை இல்லை அம்மா, ஊர். அமெரிக்காவின் கென்டக்கி மாநிலத்தின் கிழக்கு மலைப்பகுதியில், நிலக்கரிக் கம்பெனி ஒன்று தன் தொழிலாளர்களுக்காகக் கட்டிய ஊர் வான் லியர். அதற்குப் பக்கத்து மலை இடுக்கில் புட்சர் ஹாலோ என்ற குக்கிராமம். அங்கே 1932 ஏப்ரல் 14 அன்று, எட்டுப் பிள்ளைகளில் இரண்டாவதாகப் பிறந்தவர் லொரெட்டா; ‘கன்ட்ரி’ எனப்படும் அமெரிக்கக் கிராமிய இசையின் பாடகி. அப்பா வான் லியர் சுரங்கத்தில் கரி வெட்டியவர். உங்கள் ஊரில் பழுப்பு நிலக்கரியைத் திறந்தவெளியில் அகழ்ந்து எடுப்பதைப் பார்த்திருப்பீர்கள். அங்கே மலைக்குள் நுழைந்து, கூரை தாழ்ந்த குகையில் குனிந்தும் தவழ்ந்தும் வெட்ட வேண்டும். அந்தத் தூசி நுரையீரலில் தங்கிவிடும். லொரெட்டாவின் அப்பா 1959-ல் இறந்துபோனார். மகளின் முதல் இசைத்தட்டு வந்தது 1960-ல். அதை அவர் கையில் வாங்கிப் பார்க்கவில்லை.

இதை ஏன் இவ்வளவு விரிவாகச் சொல்கிறேன் என்றால், ஆல்பத்தின் முதல் பாட்டே அப்பாவின் மடியில்தான் தொடங்குகிறது. மகளை மடியில் உட்கார வைத்துக்கொண்டு, பழைய புகைப்படம் ஒன்றை எடுத்துக் காட்டிக் கதை சொல்கிறார் அப்பா. சுரங்க ஊர் ஆண்கள் அத்தனை பேரும் பார்த்து ஏங்கிய ஓர் அழகி, ஒன்றுமில்லாத ஏழைத் தொழிலாளியான அவரைத் தேர்ந்தெடுத்த கதை. அந்த அழகி வேறு யாருமில்லை, லொரெட்டாவின் அம்மா. அவர்தான் வான் லியர் ரோஜா. எழுபத்திரண்டு வயதுப் பெண்ணொருவர் தன் அம்மாவை இருபது வயதுப் பெண்ணாக நிறுத்திப் பார்க்கும் பாட்டு அது. எத்தனை முறை கேட்டாலும் அந்த இடத்தில் கைவேலையை நிறுத்திவிடுகிறேன்.

ஆல்பத்தைத் தயாரித்த ஜாக் ஒயிட் ராக் இசைக்காரர். அவருக்கும் ஒரு கன்ட்ரி பாட்டிக்கும் எப்படிப் பொருந்தியது?
– கல்லூரி மாணவர், கோயம்புத்தூர்

ஜாக் ஒயிட் சிறுவயதிலிருந்தே அவருடைய ரசிகர். தன் ‘ஒயிட் ஸ்ட்ரைப்ஸ்’ குழுவின் 2001 ஆல்பத்தை அவருக்குத்தான் சமர்ப்பித்தார். செய்தி லொரெட்டாவுக்கு எட்டியது. டென்னஸியில் ஹரிகேன் மில்ஸ் என்ற இடத்தில் இருந்த தன் வீட்டுக்கு அழைத்து, கோழிக்குழம்பில் மாவு உருண்டைகள் போட்டுத் தன் கையால் சமைத்துப் போட்டார். 2003-ல் இருவரும் நியூயார்க் மேடையில் சேர்ந்து பாடினார்கள். பிறகுதான் ஆல்பம்.

ஆனால் உங்கள் கேள்வியின் உள்ளே இன்னொரு கேள்வி இருக்கிறது: இளைஞர் வந்து பாட்டியை நவீனமாக்கிவிட்டாரா? இல்லை. இதை நான் அழுத்தமாகச் சொல்ல வேண்டும். அந்த ஆல்பத்தில் இருக்கும் பதின்மூன்று பாடல்களும் லொரெட்டாவின் பேனாவிலிருந்து வந்தவை. ஒன்றில் மறைந்த கணவரின் கையும் சேர்ந்திருக்கிறது. ஜாக் செய்த நல்ல காரியம், அவற்றைக் கெடுக்காமல் விட்டது.

நாஷ்வில் நகரத்தில் கன்ட்ரி இசையைப் பதிவு செய்யும் முறை ஒன்று உண்டு. தேர்ந்த ஸ்டூடியோ கலைஞர்கள் வருவார்கள். பாடகியின் குரலுக்குப் பின்னால் வயலின்கள், கோரஸ் குரல்கள் எல்லாம் மெத்தை விரித்ததுபோல் அமையும். லொரெட்டாவின் பழைய பாடல்களைத் தயாரித்த ஓவன் பிராட்லி அந்த முறையை உருவாக்கியவர்களில் முதன்மையானவர். அவரை நான் குறைத்துப் பேச மாட்டேன். ஆனால் ஜாக் வேறு வழியில் போனார். கிழக்கு நாஷ்வில்லில் ஒரு வீட்டுக்குள் இருந்த ஸ்டூடியோ, எட்டு டிராக் (தனித்தனி ஒலித்தடங்கள்) மட்டுமே கொண்ட டேப் இயந்திரம், சின்னக் குழு. பெரும்பாலும் முதல் முறை பாடிப் பதிந்ததே, இல்லையென்றால் இரண்டாவது. அதனால் மூச்சு வாங்குவது கேட்கிறது, சிரிப்பு கேட்கிறது, ஒரு சொல்லைக் கென்டக்கி மலைக்காரி எப்படி இழுப்பாரோ அப்படியே கேட்கிறது. ‘லிட்டில் ரெட் ஷூஸ்’ என்பதில் அவர் பாடுவதுகூட இல்லை. சிறுவயது நினைவு ஒன்றைப் பேசிக்கொண்டே போகிறார். பின்னால் இசை நடந்துவருகிறது. என் தங்கை மகள் கொண்டுவந்த சி.டி.யில் அதை முதலில் கேட்டபோது, பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்து என்னிடம் சொல்வதாகவே இருந்தது.

பதின்மூன்று வயதில் அவருக்குத் திருமணம் நடந்தது என்று படித்தேன். உண்மையா?
– வாசகி, தஞ்சாவூர்

அவருடைய சுயசரிதையே அப்படித்தான் சொல்லியது. 2012-ல் அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனம் பிறப்புப் பதிவைத் தேடி எடுத்தபோது, அவர் சொல்லிவந்ததைவிட மூன்று வயது மூத்தவர் என்று தெரிந்தது. 1948 ஜனவரியில் திருமணம். அப்போது வயது பதினைந்து. பதினைந்து என்பதும் குழந்தைதான். இருபது வயதுக்குள் நான்கு பிள்ளைகள். கணவர் வாங்கித் தந்த பதினேழு டாலர் கிதாரில் தானாகவே விரலை வைத்துக் கற்றுக்கொண்டார். கணவர் குடிகாரர், பிற பெண்களிடம் போனவர். அவர்தான் இவரைப் பாடச் சொல்லி ஊக்கப்படுத்தியவரும். இரண்டையும் மறைக்காமல் பாட்டில் வைத்தார் லொரெட்டா. 1975-ல் கருத்தடை மாத்திரையைப் பற்றிப் பாடியபோது பல வானொலி நிலையங்கள் அதை ஒலிபரப்ப மறுத்தன.

ஆல்பம் வெளியானபோது வரவேற்பு எப்படி இருந்தது?
– வாசகர், மதுரை

2004 ஏப்ரல் 27 அன்று வெளியானது. அமெரிக்க இசைப் பத்திரிகையான பில்போர்டின் கன்ட்ரி ஆல்பம் பட்டியலில் இரண்டாம் இடம், பொதுப் பட்டியலில் இருபத்து நான்காம் இடம். அடுத்த ஆண்டு இரண்டு கிராமி விருதுகள். ஒன்று சிறந்த கன்ட்ரி ஆல்பத்துக்கு. மற்றது ஜாக்கும் அவரும் சேர்ந்து பாடிய ‘போர்ட்லண்ட், ஓரிகன்’ பாட்டுக்கு.

கன்ட்ரி வானொலி நிலையங்களோ அதை ஏறக்குறையத் தொடவே இல்லை. இதுதான் எனக்கு இன்றும் ஆறவில்லை. 1960-ல் முதல் இசைத்தட்டு வந்தபோது, இவரும் கணவரும் காரில் ஏறி ஊர் ஊராக வானொலி நிலையங்களைத் தேடிப் போனார்கள். காரிலேயே தூங்கி, ரொட்டித் துண்டுகளைத் தின்று, நிலையத்து வாசலில் நின்று “என் பாட்டைப் போடுங்கள்” என்று கேட்டார்கள். அந்தப் பாட்டு தேசியப் பட்டியலில் பதினான்காம் இடம்வரை ஏறியது. அப்படிக் கால் தேய நடந்து வளர்த்த உறவு அது. நாற்பத்து நான்கு ஆண்டுகள் கழித்து அவர் தன் மிகச் சிறந்த வேலையைக் கொண்டுவந்தபோது அந்தக் கதவுகள் திறக்கவில்லை.

ஒரே ஒரு பாட்டுதான் கேட்க நேரம் என்றால் எதைக் கேட்கச் சொல்வீர்கள்?
– வாசகி, சேலம்

விருது வாங்கிய பாட்டை அல்ல. அது உற்சாகமான பாட்டு, கிதார் பிய்த்து எடுக்கும், ஆனால் எனக்கு ‘மிஸ் பீயிங் மிஸஸ்’ போதும்.

1996-ல் கணவர் இறந்தார். ஏறத்தாழ ஐம்பது ஆண்டு வாழ்க்கை. இந்தப் பாட்டில் டிரம் இல்லை, ஆர்ப்பாட்டம் இல்லை. கல்யாண மோதிரத்தைக் கழற்றி வலது கையில் போட்டுக்கொண்டேன் என்கிறார். ‘மிஸஸ்’ என்று இருந்த நாட்களுக்கு ஏங்குகிறேன் என்கிறார். அவ்வளவுதான். தன்னை எத்தனையோ முறை அழவைத்த மனிதர் என்பது அவருக்கும் தெரியும், கேட்கிற நமக்கும் தெரியும். தெரிந்தே ஏங்குகிறார்.

என் அப்பா போன பிறகு, உறவில் ஒரு கல்யாணப் பத்திரிகை வந்தது. எப்போதும் அப்பாவின் பெயருக்குப் பக்கத்தில் ‘திருமதி’ என்று இருக்கும் உறையில், அம்மாவின் பெயர் மட்டும் தனியாக இருந்தது. அம்மா எதுவும் சொல்லவில்லை. உறையைப் பிரிக்காமல் வெகுநேரம் மடியில் வைத்திருந்தார். எங்கள் வீட்டிலும் அது சண்டை இல்லாத வாழ்க்கை அல்ல. அம்மாவுக்கு ஆங்கிலம் தெரியாது. ஒருநாள் நான் இந்தப் பாட்டைப் போட்டு, மோதிரத்தைப் பற்றிய வரியை மட்டும் தமிழில் சொன்னேன். “மறுபடி போடு” என்றார்.

இதுதான் அவருடைய கடைசி ஆல்பமா?
– வாசகர், திருநெல்வேலி

இல்லை. 2017-ல் பக்கவாதம், அடுத்த ஆண்டு தொடக்கத்தில் இடுப்பெலும்பு முறிவு. அதற்குப் பிறகும் நிறுத்தவில்லை. 2021 மார்ச்சில் ‘ஸ்டில் உமன் எனஃப்’ வெளியானது. அவருடைய ஐம்பதாவது ஸ்டூடியோ ஆல்பம், வயது எண்பத்தெட்டு. 2022 அக்டோபர் 4 அன்று, அதே ஹரிகேன் மில்ஸ் வீட்டில் காலமானார்.

அந்தக் கடைசி ஆல்பத்தில், சுரங்கத் தொழிலாளியின் மகள் நான் என்று 1970-ல் பாடிப் புகழ் பெற்ற பாட்டை மறுபடியும் எடுத்திருக்கிறார். இம்முறை பாடவில்லை. அப்பா கரி வெட்டியதையும், அம்மா இரவில் குழந்தைகளைத் தாலாட்டியதையும் விளக்கொளியில் பைபிள் படித்ததையும் அந்த வரிகளிலேயே நிதானமாகப் பேசிச் சொல்கிறார்.