ஆபாவுக்கு வர்ற தம்பிக்கு, ஓசுங்கற இங்கத்து ஜாதி விஷயம் பத்தி

தம்பி, நைஜீரியால ஆபா ஊர்ல பிளாஸ்டிக் கம்பெனில வேலை கிடைச்சிருக்கு, சம்பளம் ரூம் சாப்பாடு பாதுகாப்பு எல்லாம் எப்படின்னு வரிசையா கேட்டிருக்க. கடைசில ஒரு வரி, "அங்க ஜாதி எல்லாம் கிடையாதுல்லண்ணா, நிம்மதியா இருக்கலாம்ல". அந்த ஒரு வரிக்காகத்தான் உக்காந்து டைப் பண்றேன். மத்ததெல்லாம் ஒரே மூச்சுல சொல்லிடறேன். மஞ்சள் காய்ச்சல் ஊசி போட்ட கார்டு இல்லாம கிளம்பாத, கொசுவலை இல்லாம படுக்காத, கரண்ட் வரும் போகும், 2021லேருந்து சில வருஷம் திங்கக்கிழமைன்னா இந்தப் பக்கம் பல ஊர்ல கடையடைப்பு இருந்துச்சு, இப்ப எப்படின்னு விசாரிச்சுட்டு அன்னிக்கு வெளிய போ. சம்பள விஷயம் ஏஜென்ட் வாயால சொல்றதை நம்பாம எழுதி வாங்கிக்க. அவ்ளோதான்.

இப்ப அந்த வரிக்கு வரேன். நானும் இதே நெனப்புலதான் வந்தேன். 1998, இங்க ராணுவ ஆட்சி நடத்தின அபாச்சா செத்த வருஷம். எந்த ஊரு, எந்தத் தெருன்னு ரெண்டு கேள்வில ஆளை அளந்துடற இடத்துல வளந்தவன் நான். இங்க வந்து பாத்தா எல்லாரும் ஒரே சர்ச்சுக்குப் போறாங்க, ஒரே தட்டுல ஃபுஃபுன்னு கிழங்குக் களி பிசையறாங்க, அப்பாடா தப்பிச்சோம்டான்னு இருந்துச்சு. ஆறு மாசம்கூட தாங்கல அந்த நெனப்பு.

எங்க கம்பெனில ஒரு அக்கவுண்டன்ட் இருந்தார். பியாஃப்ரான்னு தனி நாடு கேட்டு இந்தப் பக்கம் போர் நடந்த 1967-70ல பசில கிடந்து பிழைச்ச பையன், அப்புறம் படிச்சு மேல வந்தவர். எனக்கு மலேரியா வந்து பத்து நாள் எழுந்திரிக்க முடியாம கெடந்தப்ப தினம் சாயங்காலம் அவர் வீட்டுலேருந்துதான் பெப்பர் சூப் வரும். கூட இருந்த நம்மாளுங்க எட்டிக்கூடப் பாக்கல, அதை நான் இன்னிக்கும் மறக்கல. புது மெஷின் ஓட்ட ஆரம்பிச்ச அன்னிக்கு கோலா கொட்டை வாங்கி வச்சோம். இந்தப் பக்கத்து இக்போ இனத்து ஆளுங்களுக்கு அந்தக் கொட்டை, அவங்க பாஷைல ஓஜி, அது இல்லாம ஒரு நல்ல காரியமும் தொடங்காது. இருக்கறதுலயே பெரியவர் கைல எடுத்து ஜெபம் பண்ணணும், அப்புறம் உடைச்சு எல்லாருக்கும் பங்கு. அந்த ரூம்ல வயசுல பெரியவர் நம்ம அக்கவுண்டன்ட்தான், அதனால தட்டை நேரா அவர் கைல குடுத்துட்டேன். ரூமே கப்சிப்னு ஆயிடுச்சு. அவர் கை லேசா ஆடுச்சு, தட்டை வாங்கி அப்படியே பக்கத்துல இருந்த சின்ன வயசு ஸ்டோர்கீப்பர் கிட்ட தள்ளிட்டார். ஆனா அவர் கை பட்டுடுச்சே, சில பேர் எடுக்கவே இல்ல, பாதித் துண்டு தட்டுலயே திரும்பி வந்துச்சு.

ராத்திரி டிரைவர் கார் கண்ணாடியை ஏத்தி விட்டுட்டு கிசுகிசுன்னு சொன்னான், "ஓகா, அவர் ஓசு". ஓகான்னா முதலாளி.

ஓசுன்னா என்னன்னு சொல்றேன் கேளு. அந்தக் காலத்துல ஒரு தெய்வத்துக்கு ஆளை நேந்து விட்டுடுவாங்க. சில பேர் அடிமையா வித்துடுவாங்களேன்னு பயந்து தானே ஓடிப்போய் கோயில்ல அடைக்கலமும் புகுந்திருக்காங்க. தெய்வத்தோட சொத்து, யாரும் தொட்டு அடிக்க முடியாது. அந்த பயமே நாள் போக்குல ஒதுக்கறதா மாறிடுச்சு. ஒருத்தர் ஓசுன்னா பிள்ளை பேரன் எல்லாரும் ஓசு, கட்டிக்கிட்டவங்களும் ஓசு. மத்தவங்க டியாலா, அதாவது சுதந்திரமா பொறந்தவங்க, மண்ணோட மைந்தர்கள். ஓசு வீட்டு ஆள் டியாலாவுக்கு கோலா உடைக்கக் கூடாது, ஓசோன்னு ஊர்ப் பெரிய மனுஷங்க வாங்கற பட்டத்தை வாங்கக் கூடாது, ஊர்த் தலைமைக்கு வரக் கூடாது. இது போக மனுஷனுக்கு அடிமையா இருந்தவங்க வம்சத்தை ஓஹுன்னு தனியா சொல்வாங்க, எனுகு பக்கம் ங்கானு ஊர்கள்ல இந்த ஓஹுவுக்கும் அமாடின்னு சொல்ற சுதந்திர வம்சத்துக்கும் நடந்த சண்டை ரத்தம் சிந்தற அளவுக்குப் போயிருக்கு.

தோல் ஒண்ணு, பாஷை ஒண்ணு, பேரு ஒண்ணு, ஜெபிக்கிற ஏசுவும் ஒண்ணு. அப்புறம் எப்படிய்யா கண்டுபிடிக்கறீங்கன்னு டிரைவர் கிட்ட கேட்டேன். "எந்த கிராமம், அதுல எந்த வம்சம்னு கேட்டா தெரிஞ்சுடும் ஓகா"ன்னான். எனக்கு வயித்தைப் பிசைஞ்சுது தம்பி. எந்தத் தெருங்கற அதே கேள்வி.

சட்டம் இல்லாமயா? 1956லயே கிழக்கு மாகாண சட்டசபை ஓசு முறையை ஒழிச்சு சட்டம் போட்டுச்சு, அசிகிவே அந்த மாகாணத்துக்கு பிரீமியரா, அதாவது முதலமைச்சரா இருந்தப்ப. 1999 அரசியல் சட்டத்துல பொறப்பை வச்சு பாகுபாடு கூடாதுன்னு 42வது பிரிவே இருக்கு. 2018 டிசம்பர்ல ந்ரி ஊர்ல, இக்போக்காரங்க பழைய புனித ஊர் அது, அங்க சடங்கு பண்ணி ஒழிச்சோம்னு அறிவிச்சாங்க. நல்லதுதான். ஆனா கல்யாணம்னு வந்தா எல்லாம் காத்துல போயிடும்.

அக்கவுண்டன்ட் பொண்ணு ஃபார்மசி படிச்சவ. பையன் போர்ட் ஹார்கோர்ட்ல இஞ்சினியர், ரெண்டு பேரும் நாலு வருஷமா பழக்கம். பையன் வீட்டுக்காரங்க பொண்ணு கேட்டு வந்து கதவு தட்டற சடங்கெல்லாம் முடிச்சுட்டுப் போனாங்க. அப்புறம் அவங்க ஆளுங்க இவர் கிராமத்துக்குப் போய் விசாரிச்சிருக்காங்க, அதோட வரத்து நின்னுபோச்சு. ஒரு போன் கூட இல்ல. அந்த மாசம் முழுக்க அவர் ஒரு நாளும் லீவு போடாம வந்து கணக்கு எழுதினார். நான் பக்கத்து டேபிள்ல உக்காந்துக்கிட்டு ஒரு வார்த்தை கேக்கல, கேட்டிருக்கணும். அப்புறம் அந்தப் பொண்ணு லாகோஸ்ல ஒரு யோருபா இனத்துப் பையனைக் கட்டிக்கிட்டா, அவங்களுக்கு ஓசுங்கறது ஒரு கணக்கே இல்ல.

அதனால உனக்கு நான் சொல்றது இதான். ஓசுங்கற வார்த்தையை வெளையாட்டுக்குக்கூட வாய்ல எடுக்காத, அதை விட பெரிய வசவு இங்க கிடையாது. யார் என்னன்னு எவனாவது உன் காதுல ஓத வந்தா கேட்டுக்காத. கேட்டுட்டா உன் கண்ணு தன்னால மாறும், என் கூட இருந்தவங்களுக்கு மாறிச்சு, நானே பாத்தேன். காம்பவுண்டு கேட்டைத் தாண்டாம பதினஞ்சு வருஷம் ஓட்டின நம்மாளுங்க இருக்காங்க, ஒரு வார்த்தை இக்போ தெரியாது, கசப்புக்கீரை சூப்பை ஒரு நாள் வாய்ல வச்சதில்ல. ஆனா லேபருக்கு ஆள் எடுக்கறப்ப "அந்த வம்சம் வேணாம், பிரச்சனை"ன்னு டியாலா சூப்பர்வைசர் சொன்னதுக்கு தலையாட்டுவாங்க. இந்த நாட்டுல அவங்க கத்துக்கிட்டது அது ஒண்ணுதான். தமிழ் ஆளுங்க கூடற இடத்துலயும் புதுசா வந்தவன்கிட்ட எந்தத் தெருன்னு கொக்கி போடுவாங்க, உன்கிட்டயும் போடுவாங்க. பதில் சொல்லணும்னு ஒண்ணும் கட்டாயம் இல்ல. நான் கேக்க மாட்டேன்.

பாஷை கத்துக்க. "கேடு"ன்னு நலம் விசாரிச்சாலே மூஞ்சி மலரும். எனக்கு மூணு வருஷம் ஆச்சு ஓரளவு பேச, இப்ப மார்க்கெட்ல பேரம் பேசறது எல்லாம் இக்போலதான்.

அக்கவுண்டன்ட் ரிட்டயர் ஆகி கிராமத்தோட போயிட்டார். ஆபா வந்தா என் வீட்டுக்கு வராம போக மாட்டார். அப்படி மொத தடவை வந்தப்ப நான் கோலா கொட்டை, பச்சைக் கத்திரிக்காய், கடலைக் காரம் எல்லாம் தட்டுல வச்சு அவர் கைலயே குடுத்தேன். ரொம்ப நேரம் தட்டையே பாத்தார். அப்புறம் எழுந்து நின்னு இக்போல ஜெபம் பண்ணார், பாதி எனக்குப் புரிஞ்சுது, என் பிள்ளைங்க பேரெல்லாம் வந்துச்சு. உடைச்சார், நாலு பிளவா வந்துச்சு. நாலு வந்தா நல்ல சகுனம், அவங்க நாலு சந்தை நாள் கணக்குன்னு சொல்லி, எகே, ஓரியே, ஆஃபோ, ங்க்வோன்னு என் சின்னவனுக்கு விரல் விட்டு எண்ணிக் காமிச்சார். அவன் ஒரு துண்டை எடுத்து வாய்ல போட்டுட்டு கசக்குதுன்னு மூஞ்சியைச் சுளிச்சான். துப்பல, மென்னு முழுங்கிட்டான். பெரியவர் அவன் தலைல கை வச்சுக்கிட்டு ரொம்ப நேரம் எடுக்கவே இல்ல.