குப்பையில் கிடைத்த பெயர்

அன்புள்ள ஐயா,

எங்களுக்குப் பெண் குழந்தை பிறந்து பதினெட்டு நாள் ஆகிறது. 'கியாரா' என்று பெயர் வைக்கலாம் என்றிருக்கிறோம். ஒரு இணையதளத்தில் 'ஒளி பொருந்தியவள்' என்று அர்த்தம் போட்டிருக்கிறார்கள். இன்னொன்றில் 'கறுத்தவள்' என்றிருக்கிறது. எது சரி? நட்சத்திரப்படி வேறு எழுத்து வருகிறது, அதைப் பார்க்க வேண்டுமா? வெளிநாட்டுக்காரர்கள் வாயிலும் சுலபமாக நுழைகிற பெயராக இருக்க வேண்டும் என்பது என் மனைவியின் விருப்பம்.

வீட்டில் என் பாட்டி குப்பம்மாளின் பெயரையும் சேர்க்கச் சொல்கிறார்கள். எனக்கு மனசே இல்லை. என் அப்பா பெயர் குப்புசாமி. அதை வைத்துப் பள்ளிக்கூடத்தில் நான் பட்ட கேலி கொஞ்சமல்ல. பெண்பிள்ளைக்கு 'வேண்டாம்', 'போதும்பொண்ணு' என்று பெயர் வைத்த அதே புத்திதானே பிள்ளையைக் குப்பை என்று கூப்பிட வைத்ததும்? என் மகளுக்காவது அர்த்தமுள்ள பெயராக அமையட்டும் என்று நினைக்கிறேன்.

கே. ரமேஷ், பெங்களூர்

அன்புள்ள ரமேஷ்,

குழந்தைக்கு என் ஆசி. தாயும் நலம்தானே?

கியாராவை முதலில் முடித்துவிடுகிறேன். இரண்டு தளமும் சொல்வது சரி. இத்தாலியக் கியாரா லத்தீன் 'கிளாரா'விலிருந்து வந்தது. தெளிவு, ஒளி என்று பொருள். 1253-இல் மறைந்த அசிசி நகரத்துப் புனித கிளாராவுக்கு அவர் ஊரில் அதுதான் பெயர். நாகர்கோவில், தூத்துக்குடிப் பக்கம் போனால் கிளாரா என்ற பாட்டிகள் இருப்பார்கள், உங்கள் புதுப் பெயர் அங்கே பழம்பெயர். அயர்லாந்துக் கியாரா வேறு. அவர்கள் மொழியில் 'கியார்' என்றால் கருமை. ஆணுக்குக் கியாரன், பெண்ணுக்குக் கியாரா. எழுத்தில் இப்படி இருந்தாலும் வாயில் 'கீரா' என்றுதான் வரும். வேர் வேறு, ஒலி மட்டும் ஒன்றாக வந்து நிற்கிறது. 'கறுத்தவள்' என்று வந்துவிடுமோ என்று நீங்கள் பதறியது கடிதத்தில் தெரிகிறது. பிறந்து பதினெட்டு நாளான பிள்ளையின் நிறத்தைப் பற்றி இப்போதே பதற ஆரம்பிக்காதீர்கள்.

நட்சத்திர எழுத்து உங்கள் இஷ்டம். வெளிநாட்டுக்காரர் வாயைப் பற்றி எனக்கு அக்கறை இல்லை. அந்தக் குழந்தையைத் தூக்கத்திலிருந்து எழுப்பிக் கூப்பிடப் போவது நீங்கள்தான்.

ஆனால் அப்பாவின் பெயரைப் பற்றி எழுதியிருக்கிறீர்களே, அதைப் படித்த பிறகு எனக்கு இரண்டு நாள் வேறு வேலை ஓடவில்லை. போன மாதம்தான் என் அண்ணனைப் பார்த்துவிட்டு வந்தேன். அவர் பெயரும் குப்புசாமி. எழுபத்தெட்டு வயது. வங்கியில் ஏதோ ஒரு தாளில் அவர் பெயரை உரக்கப் படித்த பையன் பக்கத்திலிருந்தவனைப் பார்த்துச் சிரித்தான். அண்ணன் அதைக் கவனிக்காததுபோல் கையெழுத்துப் போட்டார். நான் கவனித்தேன். அன்றிலிருந்தே இதை எழுத வேண்டும் என்றிருந்தேன்.

என் அம்மாவுக்கு அண்ணனுக்கு முன் மூன்று பிள்ளைகள். ஒன்றும் தங்கவில்லை. மூன்றாவது ஒரு வருஷம் இருந்து, பெயர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்பிப் பார்த்துச் சிரிக்கிற வயதில் போனது. நான்காவதாக அண்ணன் பிறந்ததும் பாட்டி அம்மாவிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. பிள்ளையைப் பழைய துணியில் சுற்றிக்கொண்டுபோய்க் கொல்லையில் எருக்குழி ஓரத்தில் போட்டுவிட்டாள். முன்பே சொல்லி வைத்திருந்த வெற்றிலைக்காரம்மா அந்தப் பக்கமாக வந்தாள்.

"யார் வீட்டுப் புள்ள இது, குப்பையில கெடக்குது?"

"யாருக்கும் வேணாம். வேணும்னா எடுத்துக்கிட்டுப் போ."

முறத்தில் எடுத்துக்கொண்டாள். வீட்டு வாசலுக்கு வந்து, "இந்தப் புள்ளய வாங்கிக்கிறீங்களா?" என்று கேட்டாள். பாட்டி ஒரு படி தவிடு அளந்து போட்டு வாங்கினாள். உள்ளே படுத்திருந்த அம்மாவுக்கு எல்லாம் காதில் விழுந்துகொண்டிருந்தது. அழக்கூடாது என்று சொல்லியிருந்தார்களாம். அழுதால் அது தன் பிள்ளை என்று தெரிந்துவிடும். புடவைத் தலைப்பை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டு கிடந்தேன் என்று அம்மா சொல்லியிருக்கிறாள்.

பதினோராம் நாள் வலது மூக்கில் குத்தித் தாமிரக் கம்பியில் ஒரு வளையம் போட்டார்கள். அது பள்ளிக்கூடம் சேர்கிறவரை இருந்தது. அண்ணன் முகம் மழிக்கும்போது நான் பக்கத்தில் நின்று பார்ப்பேன். நுரைக்கு மேலே, மூக்கு மடலில், ஊசி முனையளவுக்கு ஒரு பள்ளம். எழுபத்தெட்டு வயதிலும் தூர்ந்து போகவில்லை.

இது நம் ஊரில் மட்டும் நடந்த கூத்து இல்லை ரமேஷ். குப்பன், பிச்சை, தவிடன், மூக்கன், மூக்காயி எல்லாம் நம் பக்கத்துப் பெயர்கள். தெலுங்கில் பெண்டய்யா இருக்கிறார், பெண்ட என்றால் எருக்குப்பை. வங்காளத்தில் தீன்கோரி, மூன்று சோழிக்கு விற்ற பிள்ளை. துருக்கியில் சாத்தில்மிஷ் என்றால் விற்கப்பட்டவன், துர்சுன் என்றால் நிற்கட்டும். மங்கோலியாவில் நெர்குய் என்று ஆட்கள் உண்டு, பெயரில்லாதவன் என்று பொருள். 'எனெபிஷ்' என்றால் 'இவனில்லை'. வாசலில் வந்து நின்று பிள்ளையைத் தேடுகிற பேய்க்குப் பெயரிலேயே பதில் சொல்லியாகிவிட்டது. கிழக்கு ஐரோப்பிய யூதர்கள் பிழைக்காது என்று பயந்த பிள்ளைக்கு 'ஆல்டர்' என்று பெயர் வைத்தார்கள். கிழவன். குழந்தையைக் கொண்டுபோக வந்த மரண தூதன், தொட்டிலில் கிழவன் படுத்திருக்கிறான் என்று திரும்பிவிடுவானாம்.

செர்பிய மொழிக்கு அகராதி செய்தவர் வூக் கராஜிச், 1787-இல் பிறந்தவர். வூக் என்றால் ஓநாய். பிள்ளை தங்காத வீட்டில் இந்தப் பெயரை வைப்பார்கள், சூனியக்காரிகள் ஓநாயை நெருங்கப் பயப்படுவார்கள், எனக்கும் அதனால்தான் வைத்தார்கள் என்று தன் அகராதியிலேயே எழுதியிருக்கிறார். ஒரு மொழியின் சொற்களையெல்லாம் அடுக்கிப் பொருள் எழுதிக்கொண்டே வந்தவர், தன் பெயர் வந்த இடத்தில் நின்று அம்மாவின் பயத்தையும் எழுதிவிட்டுப் போயிருக்கிறார்.

நைஜீரியாவில் மோஷூத் அபியோலா, தன் அப்பாவுக்கு 23-வது பிள்ளை. பிழைத்தவர்களில் முதல் பிள்ளை. அவருக்கு வைத்த பெயர் கஷிமாவோ. யொரூபா மொழியில் 'பொறுத்துப் பார்ப்போம்' என்று அர்த்தம். பதினைந்து வயது வரைக்கும் பொறுத்துப் பார்த்துவிட்டுத்தான் மோஷூத் என்று முறையாகப் பெயர் வைத்தார்கள். 1993-இல் அதிபர் தேர்தலில் ஜெயித்தார். ராணுவ ஆட்சி அந்தத் தேர்தலையே ரத்து செய்தது. 1998-இல் காவலிலேயே இறந்தார்.

இப்போது உங்கள் 'அதே புத்திதானே' என்ற வாக்கியத்துக்கு வருகிறேன். இல்லை. அதே புத்தி இல்லை. நீங்கள் படித்தவர், எழுதுவதற்கு முன் கொஞ்சம் யோசித்திருக்க வேண்டும்.

வேண்டாம், போதும்பொண்ணு என்ற பெயர்களை ஆண்பிள்ளைக்கு யாராவது வைத்துப் பார்த்திருக்கிறீர்களா? மகாராஷ்டிரத்தில் அதற்கு 'நகுசா' என்று பெயர், வேண்டாதவள். 2011 அக்டோபரில் சதாரா மாவட்ட நிர்வாகம் அப்படிப் பெயர் சுமந்த 285 பெண்களுக்குப் புதுப் பெயர் சூட்டியது. சீனத்தில் 'ஜாவ்தி', தம்பியை அழைத்து வா. துருக்கியில் 'யெத்தர்', போதும். இவை எல்லாம் பெண்ணுக்கு மட்டும் வைத்த பெயர்கள். வைத்தவர்கள் மனசில் இருந்ததைத்தான் வைத்தார்கள். அந்தப் பெண் ஒவ்வொரு முறை கூப்பிடப்படும்போதும் அந்த உண்மை அவள் காதில் விழுகிறது. அதற்கு நான் ஒரு நாளும் வக்காலத்து வாங்க மாட்டேன்.

குப்புசாமி என்பது பொய். எமனிடம் சொன்ன பொய். ஊரே சேர்ந்து, முறமும் தவிடும் வைத்து நாடகம் போட்டுச் சொன்ன பொய். பிள்ளை மேல் எவ்வளவு ஆசை இருந்ததோ அவ்வளவையும் மறைத்து, பெற்றவள் அழக்கூட வழியில்லாமல் சொன்ன பொய். அது ஆணுக்கும் உண்டு, பெண்ணுக்கும் உண்டு. இங்கேதான் உங்கள் பாட்டியை நினைத்துப் பாருங்கள். பெண் பிறந்தால் முகம் திருப்பிக்கொண்ட காலத்தில், ஒரு பெண் குழந்தை செத்துவிடக்கூடாது என்று ஒரு வீடு தவித்திருக்கிறது. அவளுக்காகப் பொய் சொல்லியிருக்கிறார்கள். குப்பம்மாள் என்ற பெயர் அதற்குச் சாட்சி. கியாராவுக்கு எந்தத் தளத்தில் இப்படி ஒரு அர்த்தம் போட்டிருக்கிறது?

இன்று யாரும் அந்தப் பெயரை வைப்பதில்லை. நாகரிகம் வந்துவிட்டதால் என்று நினைக்கிறோம். பிள்ளைகள் சாவது குறைந்துவிட்டது, அதுதான் காரணம். 2020 கணக்கின்படி தமிழ்நாட்டில் உயிரோடு பிறக்கும் ஆயிரம் குழந்தைகளில் ஒரு வயதுக்குள் இறப்பது 13. என் பாட்டி முறத்தை எடுத்துக்கொண்டு ஓடிய வேலையைத் தடுப்பூசி போட வருகிற கிராமச் செவிலியர் எடுத்துக்கொண்டுவிட்டார். உங்கள் மகளுக்கு அடுத்த ஊசி என்றைக்கு என்று உங்களுக்கு ஃபோனில் செய்தி வரும். எமனை ஏமாற்ற வேண்டிய அவசியம் உங்களுக்கு இல்லை. அந்த நிம்மதியில் உட்கார்ந்துகொண்டு, ஏமாற்றியாக வேண்டியிருந்தவர்களைப் பார்த்து முகம் சுளிக்காதீர்கள்.

முகம் சுளிக்க வேண்டிய இடம் வேறு ஒன்று இருக்கிறது. அதை உங்கள் கடிதம் தொடவில்லை, நானும் ரொம்ப நாள் தொடாமல்தான் இருந்தேன். பிள்ளையை எடுக்க ஏன் வெற்றிலைக்காரம்மாவைக் கூப்பிட்டார்கள்? அவள் எங்கள் தெருக்காரி இல்லை. அவள் வீட்டு வாசலை எமன்கூடத் திரும்பிப் பார்க்க மாட்டான் என்று எங்கள் வீட்டில் நம்பினார்கள். அவளுக்கும் இரண்டு பிள்ளைகள் செத்திருக்கின்றன. அவள் பிள்ளையை எந்தக் குப்பையில் போட்டு யார் எடுப்பது? ஒவ்வொரு பொங்கலுக்கும் அண்ணன் அவளுக்குப் புடவையும் வெல்லமும் கொண்டுபோய்க் கொடுப்பார். திண்ணைக்குக் கீழே நின்று வாங்கிக்கொள்வாள். அண்ணன் கல்யாணத்தில் பந்தலுக்கு வெளியே நின்றாள். அண்ணன்தான் மாலையோடு இறங்கிப்போய் அவள் காலில் விழுந்தார். பாட்டிக்கு அதில் கோபம்.

போன மாதம் அண்ணனிடம் கேட்டேன், அந்த அம்மா பெயர் என்ன என்று. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே ரொம்ப நேரம் யோசித்தார்.

"தெரியலடா. அம்மான்னுதான் கூப்பிட்டேன்."

உங்கள் அப்பாவை முறத்தில் எடுத்தவர் யாரென்று அவருக்கு நினைவிருக்கும்போதே கேளுங்கள். பெயரோடு கேட்டு எனக்கு எழுதுங்கள். மகளுக்குக் கியாரா என்றே வையுங்கள், எனக்கு ஆட்சேபம் இல்லை. உங்கள் முதலெழுத்தை மட்டும் இனி 'கு.' என்று தமிழில் எழுதுங்கள்.