டக்ளஸ் ஸ்லோக்கம்: ஈலிங் ஸ்டுடியோவின் ஒளிப்பதிவாளர் – கேள்வி பதில்

பிரிட்டனில் ஒளிப்பதிவாளர் ஆவதற்கான படிகள் என்ன? ஸ்லோக்கமும் அப்படித்தான் வந்தாரா?

வழக்கமான வரிசை கிளாப்பர் லோடர் (கிளாப் அடித்து, பிலிம் ஏற்றுபவர்), ஃபோகஸ் புல்லர் (லென்ஸின் ஃபோகஸைச் சரிசெய்பவர்), கேமரா ஆபரேட்டர் (கேமராவை இயக்குபவர்), அதற்குப் பிறகே ஒளிப்பதிவாளர். பழைய பிரிட்டிஷ் முறையில் ஃபிரேம் வைப்பதை, அதாவது படத்தில் எது எப்படித் தெரிய வேண்டும் என்பதை, ஆபரேட்டர் இயக்குநரிடம் நேரே பேசி முடிவுசெய்வார். ஒளிப்பதிவாளரின் முதல் பொறுப்பு வெளிச்சம். ‘லைட்டிங் கேமராமேன்’ என்ற பெயர் அதனால் வந்தது. ஸ்லோக்கம் (1913–2016) இந்த ஏணியில் ஏறியவர் அல்லர். பத்திரிகைப் புகைப்படக்காரர், 1939-இல் டான்ஸிக்கில் (இன்றைய போலந்தின் க்தான்ஸ்க்) இரண்டாம் உலகப் போர் மூளும் நேரத்தில் படம்பிடித்தார், பிறகுதான் லண்டனின் ஈலிங் ஸ்டுடியோ.

லோடர் என்றால் கிளாப் அடிப்பவர்தானே, சார்?

கிளாப் அதில் சிறு பகுதிதான். 35 மி.மீ. பிலிம் 400 அடி, நொடிக்கு 24 ஃபிரேமில் 4 நிமிடம் 26 நொடிதான் ஓடும். டேக் நடுவில் தீராமல் கணக்கு வைப்பவர் லோடர். எடுத்து முடித்த ரோலுக்குப் புது ரோலின் லேபிளை ஒட்டிவிட்டால் அதன்மேல் இன்னொரு காட்சி பதிவாகி, இரண்டும் பாழ். இந்த வேலையை மட்டமாக நினைக்காதீர்கள்.

ஸ்லோக்கம் எடுத்த ‘கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கொரோனெட்ஸ்’ படத்தில் ஒரே ஷாட்டில் நடிகர் அலெக் கின்னஸ் ஆறு வேடங்களில் தெரிகிறார். 1949-இல் எப்படி முடிந்தது?

எல்லாம் கேமராவுக்குள்ளேயே நடந்தது. லென்ஸுக்கு முன்னால் கறுப்பு மறைப்புகள். ஒருவர் இருக்கும் பகுதியை மட்டும் திறந்து எடுப்பார்கள். பிலிமைத் தொடங்கிய ஃபிரேமுக்கே திரும்பச் சுற்றி, கின்னஸ் வேடம் மாற்றி வந்ததும் அடுத்த பகுதியைத் திறப்பார்கள். பிலிமைக் கழுவும்வரை எதுவும் தெரியாது. ஆறாவதில் பிழைத்தால் முன்னைய ஐந்தும் வீண்.

கெடுவதற்கு வழிகள் பல. கேமரா மயிரிழை நகர்ந்தாலும் பின்னணி இணைப்பில் உடைந்து தெரியும். தொப்பியோ முழங்கையோ மறைப்பின் எல்லையைத் தாண்டினால் அறுபடும். அப்பர்ச்சரை (லென்ஸ் துளையின் அளவை) தொடவே கூடாது: மறைப்பின் விளிம்பு மங்கும் அளவு அதைப் பொறுத்தது, மாற்றினால் இணைப்பில் கறுத்த அல்லது வெளிறிய கோடு விழும். மின்னழுத்தம் இறங்கினால் ஒருவர் மட்டும் இருண்டு நிற்பார். யாரும் கேமராவை இடித்துவிடக் கூடாதென்று ஸ்லோக்கம் இரவில் அதன் பக்கத்திலேயே படுத்துக்கொண்டார். அந்தக் காவலும் ஒளிப்பதிவின் பகுதிதான்.

லைட் மீட்டரே (வெளிச்சம் அளக்கும் கருவி) இல்லாமல் ‘ரெய்டர்ஸ் ஆஃப் த லாஸ்ட் ஆர்க்’ எடுத்தாராமே, அண்ணா?

ஆமாம். உள்ளங்கையில் கட்டைவிரலின் நிழல் எவ்வளவு அழுத்தமாக விழுகிறது என்று பார்த்தே கணித்தார். அதற்குப் பின்னால் நாற்பது ஆண்டுப் பழக்கம். நீங்கள் மீட்டரோடு வேலை செய்யுங்கள். ஆனால் மீட்டரைப் பார்க்கும் முன் கண்ணால் ஊகித்துவிட்டு ஒப்பிடுங்கள்.

பிரிட்டிஷ் டிவிக்கு ஏன் நொடிக்கு 25 ஃபிரேம்? 24 வைத்தால் சில விளக்குகள் துடிக்கின்றனவே?

பிபிசி 1955-இல் ஈலிங் ஸ்டுடியோவை வாங்கியது. அங்கே டிவிக்கு எடுத்த பிலிமும் 25 ஃபிரேம்தான். காரணம், பிரிட்டனின் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ்; 25 அதன் பாதி. விளக்கு நொடிக்கு 100 முறை கூடிக் குறையும். 25 ஃபிரேமில் 180 டிகிரி ஷட்டர் (சுழலும் வட்டத்தில் பாதி திறந்திருப்பது) 1/50 நொடி வெளிச்சம் விடும், சரியாக இரண்டு துடிப்பு. 24-இல் அது 1/48 ஆகி ஃபிரேமுக்கு ஃபிரேம் வெளிச்சம் மாறும். ஷட்டரை 172.8 டிகிரிக்கு வையுங்கள், மறுபடி 1/50. நம் ஊர் மின்சாரமும் 50 ஹெர்ட்ஸ்தான், இதே கணக்கு. டிம்மர் (வெளிச்சத்தைக் கூட்டிக் குறைக்கும் கருவி) போட்ட மலிவான எல்இடி மட்டும் இதற்கு அடங்காது. அதை முதல் நாளே சோதித்துவிடுங்கள்.