கைக்கூலியா, தேசபக்தரா?

வணக்கம் சார்,

போன வாரம் பிரான்ஸ் அரசியல்வாதி சேவியர் வல்லா பத்தி எழுதும்போது ஜெர்மன் கைக்கூலின்னு ஒரு வார்த்தை போட்டிருந்தீங்க. முதல் உலகப்போர்ல இடது காலையும் வலது கண்ணையும் பிரான்ஸுக்காக கொடுத்த மனுஷன் அவரு. ஜெர்மன்காரங்கள சாகுற வரைக்கும் பிடிக்காது, அவங்களே அவர பதவிய விட்டு தூக்கினாங்க. அவரப்போய் கைக்கூலின்னு சொல்றது நியாயமா?

ஒரு வாசகர், தஞ்சாவூர்

அன்புள்ள நண்பருக்கு,

நீங்க சொன்ன விவரம் எல்லாமே சரி. அந்த வார்த்தை என் தப்பு. ஆனா அத எடுத்துட்டா வல்லா தப்பிச்சுடுவாருன்னு நீங்க நினைக்கறீங்கல்ல, அங்கதான் நான் உங்களோட ஒத்துப்போகல.

1936 ஜூன்ல லெயோன் ப்ளூம் பிரதமரா பார்லிமெண்ட்ல வந்து நிக்கிறப்ப, இந்தப் பழைய நாட்ட முதல் தடவையா ஒரு யூதர் ஆளப்போறாருன்னு எழுந்து பேசினது ஆர்தேஷ் தொகுதி எம்பி வல்லா. அப்ப பாரிஸ்ல ஒரு ஜெர்மன் சிப்பாய் கூட கிடையாது, யாரும் அவர பேசச் சொல்லல. அதே மாதிரி 1940 அக்டோபர்ல, ஜெர்மனிகிட்ட தோத்தப்புறம் பிரான்ஸ்ல வந்த விஷி அரசாங்கம், யூதர்கள ஒதுக்கறதுக்குன்னு போட்ட முதல் சட்டமும் ஜெர்மன்காரன் கேட்டு போட்டதில்ல. 1941 மார்ச்ல யூதர் விவகாரத்துக்குன்னு தனி ஆபீஸ் ஆரம்பிச்சு வல்லாவ தலைமைல உட்கார வச்சாங்க, அப்படி ஒரு ஆபீஸ் வேணும்னு ஜெர்மன்காரங்க நெருக்கினது உண்மைதான், ஆனா உள்ள உட்கார்ந்து என்ன எழுதினாருன்னு பாருங்க.

1941 ஜூன் 2 சட்டம். தாத்தா பாட்டி நாலு பேர்ல மூணு பேர் யூதர்னா நீ யூதர். ரெண்டு பேர் மட்டும்னா, கல்யாணம் பண்ணின ஆளுக்கும் ரெண்டு பேர் இருந்தா நீயும் யூதர், இல்லன்னா வேற மதத்துல இருக்கேன்னு நிரூபிக்கணும், அதுவும் 1940 ஜூன் 25க்கு முன்னாடியே சேர்ந்திருக்கணும். ஒரு ஞானஸ்நான சர்டிபிகேட்டோட தேதில ஒரு ஆளோட வேலையும், பின்னாடி உயிருமே தொங்கிச்சு. இந்த வரிய எல்லாம் பெர்லின்ல இருந்து அனுப்பல சார், வாத்தியாரா இருந்த ஒரு பிரெஞ்சுக்காரரு உட்கார்ந்து யோசிச்சு எழுதினது. அப்புறம் வரிசையா வந்துச்சு, காலேஜ்ல 3 சதவீதத்துக்கு மேல யூத மாணவர்கள் கூடாது, வக்கீல் டாக்டர்ல 2 சதவீதம்தான், ஜூலைல கடை கம்பெனி சொத்தெல்லாம் பறிக்கற சட்டம். போர்ல பதக்கம் வாங்கின யூத வீரர்களுக்கு மட்டும் சில விலக்கு கொடுத்தாரு, கூட சண்டை போட்டவங்கங்கற பாசம்னு சொல்லுவாங்க. எனக்கு அத படிக்கறப்பதான் ரொம்ப கோபம் வருது, ஏன்னா பக்கத்து பதுங்குகுழில நின்னவனையும் பதக்கம் காட்டினாதான் மனுஷனா ஏத்துக்கறாரு.

பாரிஸ்ல இருந்த ஜெர்மன் அதிகாரி டான்னெக்கர்கிட்ட, நான் உன்ன விட பழைய யூத விரோதி, உனக்கு அப்பா மாதிரின்னு சொன்னாரு. ஜெர்மன்காரன எதிர்த்த வீரம்னு இத சிலபேர் சொல்றாங்க. எனக்கு அதுவே வாக்குமூலமாத்தான் படுது. 1942 மேல அவர தூக்கிட்டு அந்த ஆபீஸ் தலைமைல டார்கியேன்னு இன்னொரு பிரெஞ்சுக்காரர போட்டாங்க, சரி. ஆனா ஜூன் சட்டத்தோடயே ஜெர்மன் படை இல்லாத தென்பகுதிலயும் யூதர்கள் எல்லாரும் பேரு பதியணும்னு இன்னொரு சட்டம் வந்துச்சே, 1942 ஆகஸ்ட்ல அங்க வெளிநாட்டு யூதர்கள வீடு தேடி பிரெஞ்சு போலீஸ் பிடிச்சப்ப அந்த லிஸ்ட்தான் கைல இருந்துச்சு. பிரான்ஸ்ல இருந்து நாஜி முகாம்களுக்கு ரயிலேத்தினது ஏறக்குறைய 76,000 பேர், திரும்பினது 2,500 சொச்சம்.

1947 டிசம்பர்ல விசாரணை, பத்து வருஷ தண்டனை, 1949 கடைசில வெளிய விட்டாச்சு, 1954ல மன்னிப்பு. 1962ல இருந்து நாலு வருஷம் பழைய கூட்டாளிகளோட பத்திரிகைய நடத்தினாரு, 1972ல எண்பது வயசுல தன் சொந்த ஆர்தேஷ்லயே செத்தாரு. இவ்வளவு சுலபமா போனதுக்கு ஒரு காரணம், எல்லாத்தையும் ஜெர்மன்காரன் தலைல கட்டிடறது அப்ப எல்லாருக்கும் வசதியா இருந்துச்சு. பிரெஞ்சு அரசும் பொறுப்புன்னு ஒரு ஜனாதிபதி வாயத் திறந்து சொல்ல 1995 வரைக்கும் ஆச்சு, அது சிராக். கைக்கூலின்னு எழுதினப்ப நானும் அதே வசதியான கதையத்தான் சொல்லியிருக்கேன்.

அதனால கட்டுரைல கைக்கூலிய எடுத்துட்டேன். அந்த இடத்துல, "யாரும் டிக்டேட் பண்ணாம தானே சட்டம் எழுதினவர்"னு போட்டிருக்கேன்.